மூழ்கிய கப்பலை உண்மையில் தூக்குவது எது? கடற்படை மீட்பு பார்ஜ்கள் பற்றி ஓர் எளிய விளக்கம்

ஒரு கப்பல் மூழ்கியதாகச் செய்தி வந்தால் மறுநாளே பேச்சு கிளம்பிவிடும். "பெரிய கிரேன் ஒன்றைக் கொண்டுபோய்த் தூக்க வேண்டியதுதானே, இதற்கு எதற்கு இத்தனை மாதம்?" என்று ஒருவர் கேட்பார். காற்றுப் பைகளைக் கட்டி ஊதினால் தானாகவே மேலே வந்துவிடும் என்பார் இன்னொருவர். புகைப்படத்தில் தெரியும் தட்டையான, எஞ்சின்கூட இல்லாத அந்தக் கலத்தைப் பார்த்துவிட்டு, "இதுவா கடற்படையின் பலம்?" என்று கிண்டல் செய்பவர்களும் உண்டு. இத்தனை பேச்சுக்கும் அடியில் ஒரே எண்ணம்தான் இருக்கிறது: எடையைத் தூக்குவது இயந்திரத்தின் பலம் என்ற எண்ணம்.

கடலில் அப்படி இல்லை. ஆயிரக்கணக்கான டன் எடையைக் கடைசியில் தாங்குவது தண்ணீர்தான். கிரேன், வின்ச், ஜாக் எல்லாம் அந்தத் தண்ணீரின் பலத்தை அடியில் கிடக்கும் பொருளுக்குக் கொண்டுபோய்ச் சேர்க்கிற கருவிகள், அவ்வளவுதான். இந்த ஒரு விஷயம் பிடிபட்டுவிட்டால், மீட்புப் பணி ஏன் மெதுவாக நடக்கிறது, ஏன் சில நேரம் சொதப்புகிறது, ஏன் கப்பலைத் துண்டு துண்டாக வெட்டுகிறார்கள் என்பதெல்லாம் ஒவ்வொன்றாகப் புரிய ஆரம்பிக்கும்.

முதலில், பார்ஜ் என்பது என்ன?

பார்ஜ் என்பது தட்டையான அடிப்பகுதி கொண்ட, பெட்டி போன்ற மிதக்கும் கலம். பெரும்பாலான பார்ஜ்களுக்குச் சொந்த எஞ்சின் கிடையாது. வேறொரு சின்ன, ஆனால் பலமான எஞ்சின் உள்ள இழுவைப்படகு அதை வடம் கட்டி இழுத்துப் போகும். வேலை நடக்கும் இடத்துக்கு வந்ததும் நாலு பக்கமும் நங்கூரம் போட்டு அசையாமல் நிறுத்திவிடுவார்கள். அப்புறம் அந்த நங்கூர வடங்களை வின்ச்சில் சுற்றியும் தளர்த்தியும் கொஞ்சம் இடது, கொஞ்சம் வலது என்று நகர்த்திக்கொள்ளலாம். வின்ச் என்றால் வடத்தைச் சுற்றி இழுக்கும் உருளை இயந்திரம்.

எஞ்சின் இல்லாதது குறை என்று நினைக்க வேண்டாம். வருடத்தில் பெரும்பாலான நாட்கள் துறைமுகத்தில் ஒரே இடத்தில் நிற்கப்போகிற கலத்துக்கு எஞ்சின் வைத்தால் இடம் போகும், பராமரிப்புச் செலவு ஏறும், அதை ஓட்ட ஆட்களும் வேண்டும். எஞ்சின் இல்லாவிட்டால் அந்த இடம் முழுவதையும் தொட்டிகளுக்கும் வின்ச்சுகளுக்கும் கொடுத்துவிடலாம். அடி தட்டையாக இருப்பதால் ஆழமில்லாத இடத்துக்குள்ளும் நுழையலாம், மூழ்கிய கப்பல்கள் பல கிடப்பது அந்த மாதிரி இடங்களில்தானே.

கடற்படைகள் இவற்றைத் துணைக்கலங்கள் என்ற வகையில் வைக்கின்றன. துணைக்கலம் என்பது சண்டைக்குப் போகாமல், சண்டைக்குப் போகும் கப்பல்களுக்கு வேலை செய்யும் கலம். அமெரிக்கக் கடற்படையில் துறைமுகப் பணிக் கலங்களின் வகைக்குறி 'ஒய்' என்ற எழுத்தில் தொடங்கும். மிதக்கும் கிரேனுக்கு 'ஒய்டி' என்று பெயர். கடல் விமானங்கள் புழக்கத்தில் இருந்த காலத்தில், தண்ணீரில் விழுந்த விமானங்களைத் தூக்குவதற்கென்றே 'ஒய்எஸ்டி' என்று தனியாக ஒரு வகை வைத்திருந்தார்கள். பீரங்கிக் குழாய்களை ஏற்றுவது, பாய்லர்களை இறக்குவது, துறைமுக மிதவைகளின் கனமான சங்கிலிகளை மேலே எடுத்துப் பார்ப்பது என்று இவற்றின் அன்றாட வேலை செய்தியில் வராத வேலை. மீட்புப் பணி எப்போதாவது வருவது.

கிணற்று வாளியில் இருக்கிறது முழுக் கதையும்

கிணற்றில் தண்ணீர் இறைத்தவர்களுக்கு இது தெரியும். வாளி நிரம்பி தண்ணீருக்குள் இருக்கிறவரை கயிறு லேசாகத்தான் இருக்கும். இரண்டு விரலால்கூட அசைக்கலாம். வாளியின் விளிம்பு நீர்மட்டத்தைத் தாண்டி மேலே வர வர கை கனக்கத் தொடங்கும். முழுதாக வெளியே வந்ததும் முழு எடையும் தோளில் ஏறிவிடும். வாளிக்குள் இருக்கும் தண்ணீர் அதே தண்ணீர்தான், புதிதாக எதுவும் சேரவில்லை. தண்ணீருக்குள் இருக்கும்போது அந்த எடையைச் சுற்றியிருந்த தண்ணீர் தாங்கிக்கொண்டிருந்தது, வெளியே வந்ததும் கைவிட்டுவிட்டது.

இதற்குத்தான் மிதப்பு விசை என்று பெயர். ஒரு பொருள் எவ்வளவு தண்ணீரை ஒதுக்கித் தள்ளுகிறதோ, அந்தத் தண்ணீரின் எடை அளவுக்கு அதை மேல்நோக்கித் தள்ளும் விசை அது. கடல்நீரின் எடை ஒரு கன மீட்டருக்குச் சுமார் 1,025 கிலோ. எஃகு தண்ணீரைவிட ஏறக்குறைய 8 மடங்கு அடர்த்தி, அதனால் 1,000 டன் எஃகு கடலுக்குள் சுமார் 870 டன்னாகத்தான் கனக்கும். கான்கிரீட் என்றால் கிட்டத்தட்ட பாதி எடை போய்விடும். மரத்தில் பெரிதாக எதுவும் மிஞ்சாது.

சரி, இங்கேதான் பலர் தடுமாறுகிறார்கள். எஃகு இழக்கும் அந்த 130 டன் அவ்வளவு பெரிய விஷயம் இல்லை. பெரிய விஷயம் கப்பலுக்குள் நிரம்பியிருக்கும் தண்ணீர். 1,000 டன் எஃகில் கட்டிய கப்பலின் அறைகளுக்குள் இன்னும் 2,000 டன் கடல்நீர் இருக்கிறது என்று வைத்துக்கொள்வோம். கடலுக்குள் அந்தத் தண்ணீருக்கு எடையே இல்லை, வாளித் தண்ணீர் மாதிரி. கப்பலின் மேல்தளம் நீர்மட்டத்தைத் தாண்டிய நொடியிலிருந்து அது கொஞ்சம் கொஞ்சமாக எடையாக மாறத் தொடங்கும். அடியில் 870 டன்னாக இருந்த சுமை, வெளியே வரும்போது 3,000 டன்னாக ஆகிவிடலாம்.

ஆகவே அனுபவமுள்ள மீட்புக் குழு கப்பலை ஒரே மூச்சில் வெளியே இழுக்காது. மேல்தளம் எட்டிப்பார்க்கும் நிலையில் நிறுத்தி, உள்ளே பம்புகளை இறக்கி, ஓட்டைகளை அடைத்து, நீரை வெளியேற்றும். நீர் வெளியேற வெளியேற கப்பல் தன் எடையைத் தானே தாங்க ஆரம்பிக்கும். சில நேரம் கப்பலின் உடலிலேயே துளை போட்டு வடியவிடுவார்கள். தொலைக்காட்சியில் பார்ப்பவர்களுக்கு "என்னடா, மணிக்கணக்காக அப்படியே நிற்கிறது" என்று தோன்றும். வேலை நடப்பது அப்போதுதான்.

இதுவரை பார்த்ததைச் சுருக்கினால்: தண்ணீருக்குள் பொருள் லேசு, வெளியே வரும்போது கனம், அதிலும் உள்ளே அடைபட்ட நீர்தான் பெரிய சுமை. மீட்பில் மிக ஆபத்தான தூரம் கடலடியிலிருந்து மேலே வரும் நெடுந்தூரம் அல்ல, நீர்மட்டத்தைத் தாண்டும் அந்தக் கடைசிச் சில மீட்டர்கள்.

தண்ணீரை வேலை வாங்கும் இரண்டு வழிகள்

இப்போது பார்ஜுக்கு வருவோம். 50 மீட்டர் நீளம், 20 மீட்டர் அகலத்தில் ஒரு பார்ஜ். அதன் பரப்பு 1,000 சதுர மீட்டர். அதன் தளத்தில் எடையை வைத்துக்கொண்டே போனால் அது இறங்கிக்கொண்டே போகும். 1 சென்டிமீட்டர் இறங்க சுமார் 10 டன் வேண்டும், 1 மீட்டர் இறங்க 1,025 டன். இதைத் திருப்பிப் பாருங்கள். 1 மீட்டர் கூடுதலாக இறங்கி நிற்கும் பார்ஜ், மேலே எழும்பத் துடித்துக்கொண்டு 1,025 டன் விசையை வைத்திருக்கிறது. எஞ்சின் இல்லை, எரிபொருள் இல்லை. அந்த விசையை ஒரு வடத்தின் வழியாகக் கடலடிக்கு அனுப்பினால் போதும்.

முதல் வழி பேலஸ்ட். பேலஸ்ட் என்பது கலத்தின் தொட்டிகளுக்குள் வேண்டுமென்றே நிரப்பும் தண்ணீர். மூழ்கிய கப்பலின் இரண்டு பக்கமும் இரண்டு பார்ஜ்களை நிறுத்தி, தொட்டிகளில் நீர் நிரப்பி, தளம் கிட்டத்தட்ட நீர்மட்டத்தைத் தொடுமளவு இறக்குவார்கள். கப்பலுக்கு அடியில் கொடுத்த வடங்களை இறுக்கிக் கட்டுவார்கள். பிறகு தொட்டி நீரை வெளியே பம்ப் செய்வார்கள். பார்ஜ்கள் எழும், வடம் விறைக்கும், அடியில் கிடப்பது சேற்றை விட்டுக் கிளம்பும். அப்படியே தொங்கவிட்ட நிலையில் இழுவைப்படகுகள் எல்லாவற்றையும் சேர்த்து ஆழம் குறைந்த பக்கமாக நகர்த்தும். தொங்கும் கப்பல் தரை தட்டியதும் நிறுத்தி, மறுபடி நீர் நிரப்பி, வடத்தை மறுபடி இறுக்கி, மறுபடி பம்ப். ஒரு தடவைக்குச் சில அடிதான் கிடைக்கும்.

இந்த முறைக்கு நான் எப்போதும் சொல்லும் உதாரணம் சுவீடனின் வாசா. 1628 ஆகஸ்ட் 10 அன்று முதல் பயணத்திலேயே ஸ்டாக்ஹோம் துறைமுகத்தில் கவிழ்ந்த போர்க்கப்பல் அது. 1950களின் பிற்பகுதியில் சுவீடன் கடற்படையின் டைவர்கள் அதன் அடியில் நீர்ப்பீய்ச்சிகளால் ஆறு சுரங்கங்கள் குடைந்தார்கள். இருட்டில், சேற்றில், தலைக்கு மேலே முன்னூறு வருடப் பழைய கப்பலை வைத்துக்கொண்டு. அந்தச் சுரங்கங்கள் வழியாக எஃகு வடங்களைக் கொடுத்து, ஓடன், ஃப்ரிக் என்ற இரண்டு மிதவைகளில் கட்டினார்கள். 1959இல் 18 தடவை தூக்கி நகர்த்தி, 32 மீட்டர் ஆழத்திலிருந்து 16 மீட்டர் ஆழத்துக்குக் கொண்டுவந்தார்கள். அதோடு நிறுத்தி, இரும்பு ஆணிகள் துருப்பிடித்து உதிர்ந்த ஓட்டைகளை அடைப்பது, பீரங்கி வாசல்களுக்கு மூடி போடுவது என்று ஒன்றரை வருடத்துக்கு மேல் செலவழித்தார்கள். மேலே சொன்ன வாளிக் கணக்கு அவர்களுக்குத் தெரியும். 1961 ஏப்ரல் 24 அன்று கப்பல் நீர்மட்டத்துக்கு வந்தது, உள்ளே இருந்த நீரைப் பம்ப் செய்தார்கள், சில நாட்களில் வாசா தன் சொந்த உடலில் மிதந்து உலர்துறைக்குள், அதாவது கப்பலை உள்ளே விட்டு நீரை வடித்துவிடும் துறைக்குள் போனது. 333 வருடம் கழித்து!

இரண்டாவது வழி இன்னும் மலிவு: ஓதம். கடல் ஒரு நாளில் ஏறி வற்றும் அந்த அசைவு. வற்றிய நேரத்தில் வடத்தை இறுக்கிக் கட்டிவிட்டுக் காத்திருந்தால், கடல் ஏறும்போது பார்ஜும் ஏறும், கப்பலும் கிளம்பும். பம்ப்கூட வேண்டாம். ஆனால் ஓதம் எவ்வளவு ஏறுகிறதோ அவ்வளவுதான் தூக்கல், அதிலும் வடம் நீள்வதிலும் பார்ஜ் அமிழ்வதிலும் கொஞ்சம் போய்விடும். ஸ்டாக்ஹோமில் ஓதம் என்று சொல்லும்படி எதுவும் இல்லை, அதனால்தான் வாசாவுக்குப் பேலஸ்ட்.

ஓதத்தை நன்றாகப் பயன்படுத்தியவர் எர்னஸ்ட் காக்ஸ். 1919 ஜூன் 21 அன்று ஸ்காட்லாந்தின் ஸ்காப்பா ஃப்ளோவில் ஜெர்மன் கடற்படையினர் தங்கள் கப்பல்களைத் தாங்களே மூழ்கடித்தார்கள், 52 கப்பல்கள் அடியில் போயின. பழைய இரும்பு வியாபாரியான காக்ஸுக்குக் கப்பல் மீட்பில் முன் அனுபவம் கிடையாது. ஜெர்மன் மிதக்கும் உலர்துறை ஒன்றை வாங்கி, அதை இரண்டாக வெட்டி, இரண்டு பாதியையும் மிதக்கும் மேடைகளாக்கிக்கொண்டார். நடுவில் டெஸ்ட்ராயர் என்ற வேகமான போர்க்கப்பல், இரண்டு பக்கமும் கை வின்ச்சுகள். முதல் முயற்சியில் சங்கிலிகள் அறுந்து தெறித்தன. எஃகு வடங்களுக்கு மாறிய பிறகு 1924இல் முதல் டெஸ்ட்ராயர் மேலே வந்தது. மனிதக் கைகள் சுற்றிய வின்ச்சுகள் சுமையைப் பிடித்துக்கொண்டன, ஏறும் கடல் மிச்ச வேலையைச் செய்தது.

கிரேன் வைத்த பார்ஜ்: எண்ணை நம்பி ஏமாற வேண்டாம்

படங்களில் நாம் அதிகம் பார்ப்பது இதைத்தான். பார்ஜின் மேல் உயரமான கிரேன், அதிலிருந்து சாய்வாக நீளும் எஃகுக் கை. அந்தக் கைக்கு பூம் என்று பெயர். "1,000 டன் கிரேன்" என்று செய்தியில் படித்ததும் 1,000 டன் எடையுள்ள எதையும் எடுத்துவிடும் என்று நினைத்துக்கொள்கிறோம். அந்த 1,000 டன், பூம் கிட்டத்தட்ட நிமிர்ந்து, சுமை பார்ஜுக்கு மிக அருகில் தொங்கும்போது மட்டும் உள்ள கணக்கு. பூமை எட்டித் தாழ்த்தினால் தூக்குதிறன் சரசரவென்று இறங்கும். எட்டும் தூரம் இரண்டு மடங்கானால் பாதிகூட மிஞ்சாது.

பூமின் இரும்பு முறிந்துவிடும் என்பது ஒரு காரணம். மிதக்கும் கிரேனுக்கு இன்னொரு காரணமும் உண்டு, அதுதான் முக்கியம்: நிலைத்தன்மை. சாய்ந்த கலம் தானாக நிமிர்ந்துகொள்ளும் குணத்துக்குத்தான் நிலைத்தன்மை என்று பெயர். கலத்தின் எடை கீழே குவிந்திருந்தால் நிலைத்தன்மை அதிகம், மேலே ஏறினால் குறையும்.

இதில் நம்பக் கஷ்டமான ஒரு விஷயம் இருக்கிறது. கொக்கியில் தொங்கும் சுமை நீர்மட்டத்துக்குப் பக்கத்தில் இருந்தாலும், பார்ஜைப் பொறுத்தவரை அந்த எடை பூமின் உச்சியில் உட்கார்ந்திருப்பதற்குச் சமம். ஏனென்றால் பார்ஜ் எந்தப் பக்கம் சாய்கிறதோ அந்தப் பக்கமாகவே தொங்கும் சுமையும் நகர்ந்து, சாய்வை இன்னும் கூட்டும். எனவே சுமை தரையை விட்டு ஒரு விரல் அளவு எழும்பிய கணத்திலேயே 40 மீட்டர் உயரத்தில் எடை வைத்த மாதிரி பார்ஜ் நடந்துகொள்ளும்.

அகலமான கலம் எளிதில் சாயாது, இதற்காகத்தான் கிரேன் பார்ஜ்கள் அவ்வளவு அகலமாக இருக்கின்றன. அமெரிக்கக் கடற்படையின் கியர்சார்ஜ் இதற்கு நல்ல உதாரணம். 1900இல் பணியில் சேர்ந்த போர்க்கப்பல் அது. 1920இல் அதன் பீரங்கிகளைக் கழற்றிவிட்டு 250 டன் கிரேன் ஒன்றை ஏற்றினார்கள். ஏற்றியதோடு விடவில்லை, கப்பலின் இரு பக்கவாட்டிலும் புடைப்பாக எஃகு அறைகளைச் சேர்த்து அகலத்தைக் கூட்டினார்கள். பீரங்கிகளைச் சுமக்கப் போதுமாக இருந்த உடல், ஒரு கிரேனுக்குப் போதவில்லை.

சாய்வைச் சமன்செய்ய எதிர்ப்பக்கத் தொட்டிகளில் பேலஸ்ட் நிரப்புவார்கள். இதிலும் இரண்டு பொறிகள். ஒன்று, தொட்டி பாதி நிரம்பியிருந்தால் உள்ளே இருக்கும் நீர் சாயும் பக்கமாக ஓடிப்போய்ச் சாய்வை அதிகமாக்கும். இதைக் கட்டற்ற நீர்ப்பரப்பு விளைவு என்பார்கள். அதனால் தொட்டி ஒன்று முழுக்க நிறைந்திருக்க வேண்டும், அல்லது முழுக்கக் காலியாக இருக்க வேண்டும். இன்னொன்று, வடம் அறுந்து சுமை போய்விட்டால் எதிர்ப்பக்கம் நிரப்பிய பேலஸ்ட் மட்டும் மிஞ்சும், பார்ஜ் மறுபக்கமாக வெடுக்கென்று சாயும். அறுந்த எஃகு வடம் தளத்தின் குறுக்கே வீசும் வீச்சு வேறு இருக்கிறது. தூக்கும் நேரத்தில் தளத்தில் ஆட்களே நிற்கக் கூடாத பகுதிகளைக் குறித்து வைப்பது இதற்குத்தான்.

இந்த வகையில் மிகவும் பேர்போனது, இரண்டாம் உலகப் போர் காலத்தில் ஜெர்மனி கட்டிய 350 டன் மிதக்கும் கிரேன் ஒன்று. போர் முடிந்ததும் அமெரிக்கா அதை எடுத்துக்கொண்டு கலிஃபோர்னியாவின் லாங் பீச் கடற்படைத் தளத்துக்குக் கொண்டுபோய் 'ஒய்டி-171' என்று பதிவு செய்தது. ஆனால் எல்லாரும் கூப்பிட்டது 'ஹெர்மன் தி ஜெர்மன்' என்றுதான். அந்தத் தளம் மூடப்பட்ட பிறகு அது பனாமா கால்வாய்க்குப் போய் 'டைட்டன்' என்ற பெயரில் வேலையைத் தொடர்ந்தது. போர்க்கப்பல்கள் முப்பது வருடத்தில் பழையதாகி உடைப்புக்குப் போகும், ஒரு நல்ல கிரேன் பார்ஜ் அவற்றை எல்லாம் பார்த்துவிட்டு நின்றுகொண்டிருக்கும்.

சரி, காற்று ஊதினால் என்ன?

காற்றுப் பை யோசனை முட்டாள்தனமானது இல்லை. பாண்டூன் என்ற பெயரில் அது நூறு வருடத்துக்கு மேலாகப் பயன்பாட்டில் இருக்கிறது. பாண்டூன் என்பது நீர் நிரப்பிக் கடலடிக்கு இறக்கி, கப்பலோடு கட்டி, பிறகு காற்றடித்து நீரை வெளியேற்றும் உருளைத் தொட்டி. 1915இல் ஹவாயில் மூழ்கிய 'எஃப்-4' நீர்மூழ்கியை முதலில் மிதவைகளில் வின்ச் வைத்துத்தான் படிப்படியாக ஆழம் குறைந்த இடத்துக்கு இழுத்தார்கள், கடைசித் தூக்கலை முடித்தது பாண்டூன்கள்.

ஆனால் காற்றிடம் ஒரு கெட்ட குணம் உண்டு. ஆழத்தில் தண்ணீரின் அழுத்தம் அதை நசுக்கி வைத்திருக்கும், மேலே வர வர அழுத்தம் குறைந்து காற்று விரியும். 70 மீட்டர் ஆழத்திலிருந்து மேலே வரும் காற்று சுமார் 8 மடங்கு விரிகிறது. விரிந்த காற்று இன்னும் நீரைத் தள்ளும், மிதப்பு கூடும், வேகம் கூடும், இன்னும் விரியும். ஆரம்பித்துவிட்டால் நிறுத்த பிரேக் கிடையாது.

1939 மே 23 அன்று அமெரிக்காவின் ஸ்குவாலஸ் நீர்மூழ்கி சுமார் 73 மீட்டர் ஆழத்தில் மூழ்கியது. உயிரோடு இருந்த 33 பேரை மீட்புக் கூண்டு வைத்து மேலே கொண்டுவந்துவிட்டார்கள், 26 பேர் இறந்துபோனார்கள். பிறகு கப்பலைத் தூக்கும் வேலை. ஜூலை 13 அன்று பாண்டூன்களுக்குக் காற்றடித்தபோது முன்பகுதி கட்டுக்கடங்காமல் சீறிக்கொண்டு நீருக்கு மேலே எழும்பி, செங்குத்தாக நின்று, கட்டுகள் நழுவி மறுபடி அடியில் போய் விழுந்தது. செப்டம்பர் வரை ஆயிற்று அதை மேலே கொண்டுவர.

பார்ஜின் அருமை இங்கேதான் தெரிகிறது. அதன் மிதப்பு எப்போதும் நீர்மட்டத்திலேயே இருக்கிறது, ஆழம் மாறினாலும் மாறாது. வடத்தை எந்த வேகத்தில் இழுக்கிறோமோ அந்த வேகத்தில்தான் கப்பல் வரும். நிறுத்தினால் நிற்கும்.

சேறும் அலையும்

கணக்கெல்லாம் சரியாக இருந்தும் கப்பல் அசையவில்லை என்றால், பெரும்பாலும் காரணம் சேறு. களிமண்ணில் பதிந்த கப்பலை மேலே இழுக்கும்போது அடியில் வெற்றிடம் போல ஒன்று உருவாகும், அங்கே நீர் புகுந்தால்தான் பிடி விடும். களிமண் வழியாக நீர் உடனே புகாது. பலத்தைக் கூட்டினால் பிடி திடீரென்று விட்டு, சுமை மொத்தமாகத் துள்ளும். ஆகவே அளவான இழுப்பில் வைத்துக்கொண்டு மணிக்கணக்கில் காத்திருப்பதும், ஒரு முனையை மட்டும் முதலில் கிளப்புவதும், நீரைப் பீய்ச்சி அடியைக் கரைப்பதும்தான் வழி.

அலை இதற்கு நேர்மாறான தொந்தரவு. பார்ஜ் அலையோடு ஏறி இறங்கும், கடலடியில் இருப்பது அசையாது. பார்ஜ் இறங்கும்போது வடம் தொய்யும், ஏறும்போது வெடுக்கென்று விறைக்கும். அந்த ஒரு இழுப்பில் சுமையைவிடப் பல மடங்கு விசை வடத்தில் ஏறிவிடலாம்.

அலையை எப்படிச் சமாளிக்கிறார்கள் என்று பார்க்க வேண்டுமென்றால் குர்ஸ்க். 2000 ஆகஸ்ட் 12 அன்று பேரண்ட்ஸ் கடலில் 118 பேரோடு மூழ்கிய ரஷ்ய அணுசக்தி நீர்மூழ்கி. ஆழம் 108 மீட்டர். அடுத்த ஆண்டு அதைத் தூக்கும் வேலை மம்மூட், ஸ்மிட் என்ற இரண்டு டச்சு நிறுவனங்களிடம் போனது. அவர்கள் கொண்டுவந்தது 'ஜயன்ட் 4' என்ற ஒரு பார்ஜ். கிரேன் எதுவும் இல்லை. வெடிப்பில் சிதைந்த முன்பகுதி தூக்கும்போது கழன்று விழலாம், அதற்குள் வெடிக்காத ஆயுதங்களும் இருக்கலாம் என்பதால் அதை முதலில் அறுத்துக் கடலடியிலேயே விட்டார்கள். நீர்மூழ்கியின் உடலில் 26 துளைகள் போட்டு, 26 வடக்கட்டுகளைப் பொருத்தினார்கள். ஒவ்வொரு கட்டிலும் 54 எஃகு இழைகள். மேலே பார்ஜில் ஒவ்வொரு கட்டுக்கும் ஒரு ஸ்ட்ராண்ட் ஜாக். ஸ்ட்ராண்ட் ஜாக் என்பது வடத்தை ஒரு பிடியால் கவ்விக் கொஞ்சம் மேலே தள்ளி, இன்னொரு பிடியால் பிடித்துக்கொண்டு, முதல் பிடி கீழே போய் மறுபடி கவ்வும் எண்ணெய் அழுத்த இயந்திரம். வாளிக் கயிற்றைக் கை மாற்றி மாற்றி இழுக்கிறோமே, அதேதான், ஒவ்வொரு கையும் நூற்றுக்கணக்கான டன் இழுக்கும், அவ்வளவுதான் வித்தியாசம். அலைக்காக ஒவ்வொரு ஜாக்குக்கும் அடியில் அழுத்தப்பட்ட வாயு நிரப்பிய தாங்கிகள் இருந்தன. பார்ஜ் ஏறி இறங்கினாலும் வடத்தின் இழுவிசை பெரிதாக மாறாமல் அவை பார்த்துக்கொண்டன.

2001 அக்டோபரில் குர்ஸ்க் கிளம்பியது. ஆனால் நீர்மட்டத்துக்கு மேலே வரவே இல்லை! பார்ஜின் வயிற்றுக்கு அடியில், அதற்கென்று செய்துவைத்த தாங்கிகளில் ஒட்டிக்கொண்ட மாதிரி, நீருக்குள்ளேயே தொங்கியபடி ரஷ்யாவின் ரொஸ்லியகோவோ உலர்துறை வரை போனது. நீருக்குள் லேசாக இருப்பதை எதற்கு வெளியே எடுத்துக் கனமாக்க வேண்டும்? அங்கே போனதும் இன்னொரு சிக்கல், பார்ஜும் நீர்மூழ்கியும் சேர்ந்து உலர்துறைக்குள் நுழைய முடியாத அளவு ஆழமாக அமிழ்ந்திருந்தன. அதற்காகவே கட்டிய மார், கோன் என்ற இரண்டு பாண்டூன்களை இரு பக்கமும் கொடுத்து, பார்ஜையும் சேர்த்துத் தூக்கினார்கள்.

கடற்படைகளுக்கு இது எதற்கு?

துறைமுக வாசலில் ஒரே ஒரு கப்பல் மூழ்கினால் போதும், உள்ளே இருக்கும் கடற்படை முழுவதும் அடைபட்டுவிடும். கால்வாய் என்றால் கேட்கவே வேண்டாம். 1956 போரில் சூயஸ் கால்வாயில் கப்பல்களை மூழ்கடித்து அடைத்தபோது, 1957இல் ஐக்கிய நாடுகள் சபை அதைத் துப்புரவு செய்யக் கொண்டுவந்த கலங்களில் எனர்ஜி, ஆஸ்டாவர் என்ற இரண்டு ஜெர்மன் தூக்குகலங்களும் இருந்தன. பிற்பாடு அமெரிக்கக் கடற்படை அந்த இரண்டையுமே வாங்கிக்கொண்டு கிரில்லி, கிராண்டல் என்று பெயர் மாற்றியது. இரண்டும் டைவர்களின் பெயர்கள். ஃபிராங்க் கிரில்லி மேலே சொன்ன எஃப்-4 வேலையில் சிக்கிக்கொண்ட சக டைவரைக் காப்பாற்றியவர். ஆர்சன் கிராண்டல் ஸ்குவாலஸ் மீட்பில் இறங்கியவர். விமானந்தாங்கிகளுக்கு அதிபர்களின் பெயரை வைப்பவர்கள், தூக்குகலத்துக்கு டைவர்களின் பெயரை வைத்தது எனக்கு ரொம்பப் பிடித்த விஷயம்.

இன்று பெரிய தூக்குகலங்களைச் சொந்தமாக வைத்துக்கொள்வதைவிட, வேண்டும்போது தனியாரிடம் எடுத்துக்கொள்ளும் ஒப்பந்தம் போட்டு வைப்பது கடற்படைகளுக்கு வசதியாக இருக்கிறது. 2024 மார்ச் 26 அன்று அமெரிக்காவின் பால்டிமோரில் டாலி என்ற சரக்குக் கப்பல் மோதிப் பாலம் விழுந்தபோது, அமெரிக்கக் கடற்படையின் மீட்புப் பிரிவு தன் ஒப்பந்தத்தின் மூலம்தான் கிரேன் பார்ஜ்களை வரவழைத்தது. அவற்றில் பெரியது செசபீக் 1000, பெயரிலேயே தூக்குதிறன் இருக்கிறது. அது இருந்தும் பாலத்தின் இரும்பைத் துண்டு துண்டாக வெட்டித்தான் எடுத்தார்கள். ஏன் என்று இப்போது உங்களுக்கே தெரியும்: எட்டும் தூரம், சேற்றுக்குள் புதைந்த பகுதி, வெளியே வரும்போது கூடும் எடை, எல்லாவற்றையும் கழித்தால் 1,000 டன்னில் கையில் மிஞ்சுவது அதைவிட நிறையக் குறைவு.

அந்த செசபீக் 1000 பார்ஜின் முந்தைய கதை வேடிக்கையானது. 1970களின் தொடக்கத்தில் அதற்கு 'சன் 800' என்று பெயர். குளோமர் எக்ஸ்புளோரர் என்ற கப்பலைக் கட்டும்போது கனமான பாகங்களை ஏற்றுவதற்காக உருவானது. அந்தக் கப்பல் 1974இல், கடலடியில் தாது எடுக்கப் போவதாகச் சொல்லிக்கொண்டு, பசிபிக்கில் சுமார் 5 கிலோமீட்டர் ஆழத்தில் கிடந்த 'கே-129' என்ற சோவியத் நீர்மூழ்கியை அமெரிக்க உளவு நிறுவனமான சிஐஏவுக்காகத் தூக்கப் போன கப்பல். நீர்மூழ்கியைக் கவ்வும் பிரம்மாண்டமான இடுக்கியை உளவுச் செயற்கைக்கோள்களின் கண்ணில் படாமல் கட்ட வேண்டியிருந்தது. அதைக் கூரை போட்ட ஒரு பார்ஜுக்குள் வைத்துக் கட்டினார்கள். கட்டி முடித்ததும் பார்ஜின் தொட்டிகளில் நீரை நிரப்பி அதை அப்படியே கடலடிக்கு இறக்கி, குளோமரை அதற்கு நேர் மேலே கொண்டுவந்து நிறுத்தி, கூரையைத் திறந்து இடுக்கியை மேலே இழுத்துக்கொண்டார்கள். வேலை முடிந்ததும் பார்ஜின் நீரை வெளியேற்றினார்கள், அது மறுபடி மிதந்தது.